பூமிக்குள்ள ஆரும் போகேல்ல, பிறகெப்பிடி 2900 கிலோமீற்றரில கோர் தொடங்குது எண்டு எழுதினவை?

சுன்னாகம்_அப்பா

எல்லாருக்கும் வணக்கம். என்ர மகள் பத்தாம் ஆண்டு படிக்கிறா. புத்தகத்தில பூமியைக் குறுக்கால வெட்டின படம் ஒண்டு இருக்கு, மேல மெல்லிசா ஓடு, கீழ தடிப்பா மான்ரில், அதுக்குள்ள வெளிக்கோர், நடுவில உள்கோர், ஒவ்வொண்டுக்கும் பக்கத்தில இத்தினை கிலோமீற்றர், இத்தினை பாகை வெப்பம், இது திண்மம் அது திரவம் எண்டு போட்டிருக்கு. அவ அதை வடிவாப் பாடமாக்கிப் போட்டு என்னட்ட வந்து கேக்கிறா, அப்பா உதுக்குள்ள ஆரும் போய்ப் பாத்தவையோ எண்டு. இல்லை எண்டன். அப்ப 2900 எண்டு அச்சொட்டா எழுதிறதுக்கு அவைக்கு ஆர் சொன்னது எண்டு அடுத்த கேள்வி.

பூகம்ப அலையை வச்சுக் கண்டுபிடிச்சவை எண்டு சொன்னன், புத்தகத்திலயும் அந்த ஒரு வரிதான் இருக்கு. அலையை வச்சு எப்பிடி எண்டு கேட்டா என்னட்ட மறுமொழி இல்லை. ரியூசனில கேட்டிருக்கிறா, அங்க "சோதினைக்கு வராது, விடு" எண்டு சொல்லிப் போட்டினமாம். பிள்ளை முகம் வாடி வந்தது, எனக்கு அது சரியான கவலை.

எங்கட ஊரில கிணறு வெட்டினா நாப்பது ஐம்பது அடியில தண்ணி, பாறைக்குக் கீழ என்ன இருக்கெண்டு வெட்டிப் பாத்தாத்தான் தெரியும். ஆயிரக்கணக்கான கிலோமீற்றர் கீழ இருக்கிறதை ஆரும் பாக்காம எப்பிடிச் சொல்லுகினம்? அது ஊகமோ, இல்லை உண்மையா அளந்ததோ? தெரிஞ்ச ஆக்கள் பிள்ளைக்கு விளங்கிற மாதிரி எழுதினா உங்களுக்குப் புண்ணியமாப் போகும்.

நெல்லியடி_ரீச்சர்

சுன்னாகம் அண்ணா, பிள்ளை கேட்டது மிச்சம் நல்ல கேள்வி, அதை விடு எண்டு சொல்லவே கூடாது. நான் பௌதிகம் படிப்பிக்கிறன், கொஞ்சம் நீட்டித்தான் எழுதப் போறன், பொறுமையா வாசியுங்கோ.

பூகம்பத்துக்குப் போக முதல் ஒரு விசயம். பூமிக்குள்ள பாரமான ஏதோ இருக்கெண்டது 1798 இலேயே தெரிஞ்சிட்டுது. இங்கிலாந்தில ஹென்றி கவெண்டிஷ் எண்டவர் ஒரு தடியை மெல்லிய கம்பியில தொங்கவிட்டு ரெண்டு முனையிலயும் சின்ன ஈயக் குண்டு கட்டி, அதுகளுக்குக் கிட்ட ஒவ்வொண்டும் 158 கிலோ வாற பெரிய ஈயக் குண்டு ரெண்டைக் கொண்டுபோய் வச்சார். பெரிய குண்டு சின்னனை ஈர்ப்பால இழுக்கேக்க தடி ஒரு துளி திரும்பும், அதை அளக்கிறதுதான் வேலை. தான் உள்ள போனா உடம்புச் சூட்டில காத்து அசைஞ்சே அளவு பிழைச்சிடும் எண்டு சொல்லி அறையைப் பூட்டிப் போட்டு, வெளியில நிண்டு சுவரில போட்ட துவாரத்தால தொலைநோக்கி வச்சுத்தான் வாசிச்சவர். அதில வந்த முடிவு, பூமி முழுக்கச் சேர்த்து சராசரியா தண்ணியைவிட 5.45 மடங்கு அடர்த்தி. இப்ப நாங்கள் எடுக்கிறது 5.51. ஆனா நாங்கள் கையில எடுக்கிற கருங்கல் 2.7 அளவுதான் வரும். மேல இருக்கிறது 2.7, சராசரி 5.5 எண்டா, உள்ளுக்க இருக்கிறது கட்டாயம் அதைவிடக் கனக்க அடர்த்தியா இருக்கோணும். இது ஊகம் இல்லை, கூட்டல் கழித்தல். ஒரு நூறு வருசம் பிந்தி எமில் வீகர்ட் எண்டவர் விழுற விண்கற்களில இரும்பு இருக்கிறதையும் பாத்து, நடுவில இரும்புக் கோர் இருக்கோணும் எண்டு சொன்னார்.

இனி அலை. பூகம்பம் நடந்தா ரெண்டு விதமான அலை பூமிக்குள்ளால போகும். பி அலை பாறையை நெருக்கித் தளர்த்தி நெருக்கித் தளர்த்திப் போறது, அது முதல்ல வரும். எஸ் அலை பாறையைப் பக்கவாட்டில அசைச்சுக்கொண்டு போறது, அது பிந்தி வரும். இதில முக்கியமான இடம் என்னெண்டா, திரவத்தைப் பக்கவாட்டில தள்ளினா அது திரும்பி இழுக்காது, வழுகிப் போகும், அதால எஸ் அலை திரவத்துக்குள்ளால போகவே ஏலாது. இந்த ஒரு வரியைப் பிள்ளை பிடிச்சிட்டா மிச்சம் எல்லாம் தானா விளங்கும். பூமியின்ர மான்ரில் முழுக்கக் கொதிக்கிற குழம்பு எண்டு கன பேர் நினைச்சுக் கொண்டிருக்கினம், அது பிழை, மான்ரிலுக்குள்ளால எஸ் அலை வடிவாப் போகுது, அது திண்மப் பாறை. கோடிக்கணக்கான வருசத்தில மெல்ல மெல்ல அசையிற பாறை.

இந்த ரெண்டு அலையையும் பதிவில வேற வேறயாப் பிரிச்சுக் காட்டினவர் றிச்சர்ட் டிக்சன் ஓல்ட்ஹாம், இந்தியப் புவியியல் அளவைத் திணைக்களத்தில வேலை செய்தவர். 1897 அசாம் பூகம்பத்தை ஆராயேக்கதான் அவருக்கு இது பிடிபட்டது. 1906 இல அவரே பூமிக்கு நடுவில அலையைப் பிந்த வைக்கிற ஒரு கோர் இருக்கெண்டும் எழுதினார்.

இப்ப உங்கட 2900. ஆழம் கூடக் கூடப் பாறை இறுகி அலையின்ர வேகம் கூடும், மான்ரிலின்ர மேல்பக்கத்தில பி அலை செக்கனுக்கு 8 கிலோமீற்றர், அடியில 13.7. அதால அலை நேரா இறங்காம வளைஞ்சு திரும்பி மேல வரும், ஒளி முறிவில படிக்கிற அதே விதிதான். பூகம்பம் நடந்த இடத்திலயிருந்து, பூமியின்ர மையத்தில வாற கோணத்தால அளந்தா 103 பாகை வரைக்கும், நிலத்தால அளந்தா 11,400 கிலோமீற்றருக்குக் கிட்ட, எல்லா நிலையத்திலயும் ரெண்டு அலையும் ஒழுங்கா வரும். அதுக்கு அங்கால நேரா வாற எஸ் அலையே இல்லை. பி அலையும் 103 இலயிருந்து 142 பாகை வரைக்கும் காணாமப் போகும், பிறகு பிந்தி, பலமா வரும். ஏனெண்டா கோருக்குள்ள நுழைஞ்ச உடன பி அலையின்ர வேகம் 13.7 இலயிருந்து 8 ஆ விழுந்திடுது, அலை உள்பக்கமா முறிஞ்சு அங்கால போய் வெளிக்கிடுது. அப்ப 103 பாகையில வந்து சேருற அலைதான் கோரின்ர விளிம்பை உரசிக்கொண்டு வந்த கடைசி அலை. அது வந்த நேரமும் கோணமும் தெரிஞ்சா எவ்வளவு ஆழம் போய்த் திரும்பினது எண்டு கணக்கிடலாம். ஜேர்மனியில பேனோ குட்டன்பேர்க் 1914 இல அப்பிடிக் கணக்குப் போட்டுத்தான் 2900 எண்டு எழுதினவர். இண்டைக்கு எடுக்கிற அளவு 2891. கோரின்ர மேல்பக்கத்தில பட்டு நேரே தெறிச்சு வாற அலையும் இருக்கு, போய் வர எட்டரை நிமிசம், அதை வச்சும் சரிபாக்கலாம், அதே ஆழம்தான் வரும்.

கோர் திரவம் எண்டதை 1926 இல ஹரோல்ட் ஜெஃப்றிஸ் உறுதியாக் காட்டினார். சந்திரன் இழுக்கேக்க கடல் மட்டும் இல்லை, தரையும் கொஞ்சம் எழும்பி இறங்கும். மான்ரில் எவ்வளவு விறைப்பு எண்டது எஸ் அலையால தெரியும், அதை வச்சுப் பாத்தா முழுப் பூமியும் இருக்கவேண்டியதைவிட இளகிக் கிடக்கு, உள்ள திரவம் இருந்தாத்தான் அந்தக் கணக்குச் சரிவரும். வீட்டில ஒரு அவிச்ச முட்டையையும் பச்சை முட்டையையும் மேசையில சுத்தி விட்டுப் பிள்ளைக்குக் காட்டுங்கோ, உடைக்காமலே எதுக்குள்ள திரவம் எண்டு அவ சொல்லுவா.

கடைசியா இங்கெ லேமன் எண்டவ. டென்மார்க்காரி, பூகம்ப ஆய்வாளர். 1929 இல நியூசிலாந்தில நடந்த பூகம்பத்தின்ர பதிவுகளில, பி அலை வரவே கூடாத அந்தக் காணாமப் போற இடத்தில மெல்லிசா அலை வந்திருக்கிறதைக் கண்டா. மற்றவை அதை ஏதோ கோரின்ர விளிம்பால கசிஞ்சு வந்தது எண்டு விட்டிட்டினம். அவ விடேல்ல. அந்தக் காலத்தில கணினி எங்க, ஒவ்வொரு பூகம்பத்தின்ர நேரங்களையும் அட்டையில எழுதி, ஓட்ஸ் வாற மட்டைப் பெட்டியளில அடுக்கி வச்சு, வீட்டுத் தோட்டத்தில மேசை போட்டிருந்து பாத்தவ எண்டு அவவின்ர சொந்தக்காரர் ஒருத்தர் எழுதியிருக்கிறார். 1936 இல எழுதினா, திரவக் கோருக்குள்ள இன்னொரு கோர் இருக்கு, அதில பட்டு முறிஞ்சு வாற அலைதான் உது எண்டு. அதுதான் உங்கட மகளின்ர படத்தில நடுவில இருக்கிற உள்கோர். 104 வயசு வரை இருந்த மனிசி. பொம்பிளைப் பிள்ளையளுக்கு நான் இவவைப் பற்றி வருசா வருசம் சொல்லுறனான்.

கோப்பாய்_குழாய்க்கிணறு

ரீச்சர் எழுதினது அருமை. நான் குழாய்க்கிணறு அடிக்கிற வேலை, அந்தப் பக்கத்தால ஒண்டு சொல்லுறன்.

எங்கட யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக் கல்லில துளைக்கேக்க நாங்களும் கீழ பாக்கிறதில்லை. கொம்பிரசர் காத்தில மேல வாற தூள் வெள்ளையோ மஞ்சளோ, ஈரமோ, பிற்றின்ர, அதான் துளைக்கிற நுனியின்ர, சத்தம் மாறுதோ, அதைப் பிடிச்சிருக்கிற ரொட் ஒரே சீரா இறங்குதோ, இதுகளை வச்சுத்தான் சொல்லுவம். சில இடத்தில ரொட் சடாரெண்டு ஒண்டிரண்டு அடி தானா இறங்கும், அப்ப உள்ள பொந்து. கூடுதலாப் போனா உப்புத் தண்ணி. பக்கத்துக் காணியில நல்ல தண்ணி வந்தது எண்டுறதுக்காக இஞ்சயும் வரும் எண்டு ஒருநாளும் சொல்லேலாது. அதால துளைச்சே பாப்பம் எண்ட எண்ணம் எங்களுக்கு நல்லா விளங்கும்.

அப்பிடி ஒருக்காத் துளைச்சும் பாத்தவை. ரஷ்யாவில நோர்வே எல்லைக்குக் கிட்ட கோலா எண்ட இடத்தில 1970 இல தொடங்கி 1989 இல 12,262 மீற்றர் வரைக்கும் போனவை. துளையின்ர அகலம் 23 சென்ரிமீற்றர், ஒரு சாப்பாட்டுக் கோப்பை அளவு. நாங்கள் மேல நிண்டு ரொட்டைச் சுத்திறம், பிற்றும் சேர்ந்து சுத்தும். பன்னிரண்டு கிலோமீற்றர் நீளக் குழாயை அப்பிடிச் சுத்தினா முறுக்கிலயே போயிடும், அதால குழாயைச் சுத்தாம, உள்ளுக்க அடிச்ச சேத்துத் தண்ணியின்ர வேகத்தில அடியில இருக்கிற ரேபைனைச் சுத்த வச்சு அதால பிற்றை ஓட்டினவை, பாரம் குறையட்டும் எண்டு அலுமினியக் குழாய் பாவிச்சவை. பிற் தேஞ்சா என்ன செய்யிறது, முழுக் குழாயையும் வெளிய இழுத்து ஒவ்வொரு துண்டாக் கழட்டி, பிற்றை மாத்தி, திரும்பப் பூட்டிப் பூட்டி இறக்கோணும். இந்த வேலை செய்யிறவைக்குத்தான் அந்தப் பாடு தெரியும்.

ஏன் நிப்பாட்டினவை எண்டா சூடு. அடியில 100 பாகை வரும் எண்டு பாத்திருந்தவை, வந்தது 180. அந்தச் சூட்டில பாறை இறுக்கமா நிக்காது, துளை தானா மூடப் பாக்கும்.

ஆனா ஒரு கணக்கைப் பாருங்கோ. பூமியின்ர நடுவுக்கு 6371 கிலோமீற்றர். 12 போனதெண்டா ஐஞ்சூறில ஒரு பங்கு. மேலோட்டையே தாண்டேல்ல.

இன்னொண்டு, இது ரீச்சருக்கு. அலையை வச்சு, கோலாவில 7 கிலோமீற்றர் அளவில கருங்கல் முடிஞ்சு பசால்ட் எண்ட எரிமலைக் கல் தொடங்கும் எண்டு சொல்லியிருந்தவை. போய்ப் பாத்தா பசால்ட் இல்லை. அதே மாதிரிக் கருங்கல்தான், வெடிச்சு, உள்ள தண்ணியோட கிடந்தது.

சுன்னாகம்_அப்பா

ரீச்சர், கோப்பாய்த் தம்பி, ரெண்டு பேருக்கும் நன்றி. ரீச்சர் எழுதினதை மகளை இருத்தி வச்சு வாசிச்சுக் காட்டினன், முட்டையும் சுத்தியாச்சு.

ஆனா தம்பி கடைசியாச் சொன்னது மனசில நிக்குது. 7 கிலோமீற்றரில என்ன இருக்கெண்டு அலையை வச்சுச் சொன்னதே பிழைச்சிருக்கு, அப்ப 2900 இல சொல்லுறதை எப்பிடி நம்புறது? இதைக் கேக்கிறதுக்குக் குறை நினைக்க வேண்டாம், மகளும் இதைத்தான் கேட்டவ.

வடலி_ஜேர்மனி

அண்ணை, கேக்க வேண்டிய இடத்தில சரியாக் கேட்டிருக்கிறியள். நான் இஞ்ச யூனிவர்சிட்டி ஒண்டில பாறையளை அமுக்கிப் பாக்கிற லாப்பில படிச்சனான், அதால இதுக்கு நான் மறுமொழி எழுதுறன்.

அலை சொல்லுறது வேகத்தை. "இந்த ஆழத்தில வேகம் மாறுது" எண்டு மட்டும்தான் அது சொல்லும், அந்த இடத்தில இருக்கிற கல்லின்ர பேரைச் சொல்லாது. கோலாவில வேகம் மாறினது உண்மை, அளந்ததில பிழை இல்லை. அந்த மாற்றத்துக்குப் பசால்ட்தான் காரணம் எண்டு மனிசர் வச்ச பேர்தான் பிழைச்சது, உண்மையான காரணம் கல் வெடிச்சு உருமாறிக் கிடந்தது. அதால உங்கட படத்தில இருக்கிற ஒவ்வொரு எழுத்துக்கும் ஒரே அளவு உறுதி எண்டு எடுக்காதேங்கோ. ஆழம் 2891 எண்டது, வெளிக்கோர் திரவம் எண்டது, இதுகள் கல்லில வெட்டின மாதிரி. என்ன பொருள், எவ்வளவு சூடு எண்டதுக்கு வேற வழியால போகோணும், அங்கதான் லாப் வருது.

நாங்கள் செய்யிறது என்னெண்டா, ரெண்டு வைரக் கல்லை நுனிக்கு நுனி பாக்க வச்சு, நுனியைத் தலைமயிர் தடிப்புக்கும் கீழ தட்டையா வெட்டி, நடுவில கண்ணுக்குத் தெரியாத சின்னத் துணிக்கையை வச்சு நெருக்கிறது. பெரிய மெசின் ஒண்டும் இல்லை, முழு அமைப்பும் உள்ளங்கைக்குள்ள அடங்கும், ஸ்குரூவைக் கையால திருப்பிறதுதான். நுனி அவ்வளவு சின்னன் எண்டதால அமுக்கம் பயங்கரமா ஏறும். வைரம் ஒளியை விடும், அதால வெளியிலயிருந்து லேசர் அடிச்சுச் சூடாக்கலாம், எக்ஸ்-றே விட்டு உள்ள அணுக்கள் எப்பிடி அடுக்குப்பட்டிருக்கு எண்டு பாக்கலாம். வைரம் வெடிச்சுப் போறதும் உண்டு, கிழமைக்கணக்கா ஆயத்தப்படுத்தின துணிக்கை ஒரு செக்கனில போயிடும். 2010 இல ஜப்பானில ஹிரோஸேயின்ர குழு இரும்பை 377 கிகாபஸ்காலுக்கு அமுக்கி 5700 கெல்வின் வரை சூடாக்கினவை. எங்கட தலைக்கு மேல இருக்கிற காத்தின்ர அமுக்கத்தைவிட 37 இலட்சம் மடங்கு. பூமியின்ர நடு மையத்து அமுக்கமே 364 கிகாபஸ்கால்தான், அப்ப அதையும் தாண்டியாச்சு.

இப்ப வெப்பநிலை எப்பிடி வருது எண்டு பாருங்கோ, எனக்கு இந்தத் துறையிலேயே பிடிச்ச இடம் இது. வெளிக்கோர் திரவம், உள்கோர் திண்மம், ரெண்டும் சந்திக்கிறது 5150 கிலோமீற்றர் ஆழத்தில. திரவமும் திண்மமும் ஒண்டோட ஒண்டு தொட்டுக்கொண்டு இருக்கிற இடத்தில வெப்பநிலை உருகுநிலையாத்தான் இருக்கோணும். அந்த ஆழத்தில அமுக்கம் 330 கிகாபஸ்கால் எண்டு தெரியும். அப்ப லாப்பில அந்த அமுக்கத்தில இரும்பு எத்தினை பாகையில உருகும் எண்டு பிடிச்சா, ஆரும் போகாத இடத்தின்ர வெப்பநிலை கையில வந்திடும். 2013 இல பிரான்சில செய்த அளவை அந்த அமுக்கத்துக்கு நீட்டிக் கணக்கிட்டதில 6230 கெல்வின், பிழை வீச்சு மேல கீழ 500. உங்கட மகளின்ர புத்தகத்தில வெப்பநிலைக்கு ஒரு இலக்கம் மட்டும் போட்டிருக்கும், அந்த 500 ஐயும் அவ பக்கத்தில பென்சிலால எழுதி வைக்கட்டும்.

அதுக்காக கோர் தனி இரும்பெண்டும் இல்லை. அலையால வாற அடர்த்தியை லாப் இரும்போட ஒப்பிட்டா கோர் கொஞ்சம் லேசா இருக்கு. நிக்கல் கலந்திருக்கு, அது போக கந்தகம், சிலிக்கன், ஒக்சிசன் மாதிரி லேசான மூலகம் ஏதோ கலந்திருக்கோணும். எது எவ்வளவு எண்டு இண்டைக்கும் சண்டைதான்.

மான்ரிலுக்குள்ளயும் 410, 660 கிலோமீற்றரில வேகம் சட்டெண்டு கூடுது. ஒலிவின் எண்ட பச்சைக் கனிமத்தை லாப்பில அமுக்கினா அந்தந்த ஆழத்து அமுக்கத்தில அது வேற கட்டமைப்புக்கு மாறுது, ரெண்டும் பொருந்துது. 660 க்கு மேல இருக்கவேண்டிய ரிங்வுடைற் எண்ட கனிமத்தை பூமியிலயிருந்து வந்ததா முந்தி ஆரும் கண்டதில்லை, விண்கல்லிலயும் லாப்பிலயும்தான் கண்டது. பிரேசிலில ஜுயினா எண்ட இடத்தில ஆத்துப் படுக்கையில பொறுக்கின ஒரு மங்கல் வைரத்துக்குள்ள அதின்ர ஒரு துணிக்கை அகப்பட்டுக் கிடந்ததை 2014 இல எழுதினவை. விலைபோகாத வைரம். அந்தத் துணிக்கையில நிறையில நூற்றுக்கு ஒண்டரை வீதம் அளவு தண்ணி பூட்டுப்பட்டு இருந்தது. போகேலாத இடத்திலயிருந்து அந்தக் கல் தானா மேல வந்து சொன்ன சாட்சி எண்டுதான் நான் அதைப் பாக்கிறன்.

உடுத்துறை_கடல்

எல்லாரும் அலை அலை எண்டு எழுதுறியள், வாசிக்க வாசிக்க நெஞ்சுக்குள்ள என்னவோ செய்யுது, அதால எழுதுறன்.

2004 மார்கழி 26. சுமாத்ராவில காலமை எங்கட நேரத்துக்கு 7 மணிக்கு ஒரு நிமிசம் இருக்கேக்க பூமி உடைஞ்சது. அதின்ர பி அலை நாலு நிமிசம் அளவில வடமராட்சிக் கிழக்குக்குக் கீழால போயிருக்கும். எங்கட வீட்டில ஆரும் உணரேல்ல. ஞாயிற்றுக்கிழமை, அம்மா தேத்தண்ணி போட்டுக்கொண்டு நிண்டவ. பிறகு வந்த மேற்பரப்பு அலையில இலங்கைத் தரை 9 சென்ரிமீற்றருக்கு மேல ஏறி இறங்கினது எண்டு கருவி காட்டியிருக்கு, ஆனா அது மெல்ல மெல்ல ஏறி இறங்கிறதால மனிசருக்குப் பிடிபடாது. கடல் வந்தது ரெண்டு மணித்தியாலம் அளவில பிந்தி. அந்த ரெண்டு மணித்தியாலத்துக்குள்ள ஒரு சொல்லு வந்திருந்தா எத்தினை பேர் இருந்திருப்பினம். எங்கட ஊரில நினைவிடத்தில பேர்கள் இருக்கு, போய்ப் பாத்தாத் தெரியும்.

இதைப் பற்றிப் பிறகு நான் தேடித் தேடி வாசிச்சனான். அந்த அடியில முழுப் பூமியும் அதிரத் தொடங்கி நிக்கேல்ல. ஒரு அதிர்வில பூமி ஒருக்கா நீண்டு ஒருக்காச் சப்பையாகி 54 நிமிசத்துக்கு ஒருக்கா வந்தது. இன்னொண்டில முழுப் பூமியும் சேர்ந்து விரிஞ்சு சுருங்கிறது, 20 நிமிசத்துக்குக் கொஞ்சம் கூட, அது மாசக்கணக்கா நிண்டது. எல்லாம் மிச்சம் நுண்ணிய அளவு, கருவிக்கு மட்டும் தெரியிற அளவு. இந்த அதிர்வு நேரங்களை வச்சு உள்ள அடர்த்தி எப்பிடி மாறுது எண்டு கணக்கிடுகினமாம், அதுவும் ஒரு இடத்து அலையை நம்பாம முழுப் பூமியையும் ஒண்டா அளக்கிற வழி. முதல் முதல் இதை ஒழுங்காக் கண்டது 1960 சிலி பூகம்பத்தில.

இலங்கையில பல்லேகலையில பூகம்ப அலையைப் பதியிற ஒரு சைஸ்மோமீற்றர் நிலையம் இருக்கு, உலக வலையமைப்பில சேர்ந்தது, அதின்ர பதிவு இணையத்தில எல்லாருக்கும் திறந்து கிடக்கு. இந்தோனேசியாவில பூகம்பம் எண்டு கேள்விப்பட்டா நான் உடன போனில எடுத்து அந்தக் கோட்டைத்தான் பாக்கிறனான். சுன்னாகம் அண்ணை, மகளுக்கும் காட்டுங்கோ.

திருநெல்வேலி_கம்பஸ்

உடுத்துறை அண்ணா, உங்கட இழப்புக்கு என்ன சொல்லுறதெண்டே தெரியேல்ல.

அலை இல்லாத ஒண்டைப் பற்றி நான் சேர்க்கிறன், அது எங்கட வாசலிலயே இருக்கு. இலங்கைக்கும் கன்னியாகுமரிக்கும் தெற்கால நடுக்கடலில ஈர்ப்பு குறைஞ்ச பெரிய பிரதேசம் ஒண்டு இருக்கு, உலகத்திலேயே ஆகக் கூடின பள்ளம் அதுதான். அலை, வற்றுப் பெருக்கு எல்லாத்தையும் கழிச்சுப் பாத்தா கடல் மட்டம் அங்க, பூமிக்குக் கணக்கில போடுற ஒழுங்கான வடிவத்தைவிட 106 மீற்றர் தாழ்ந்து கிடக்கு. வள்ளத்தில போறவைக்கு ஒண்டும் தெரியாது, ஏனெண்டா தண்ணிமட்டம் எப்பவும் ஈர்ப்புக்குத்தான் சமனா நிக்கும், பள்ளத்துக்குள்ள இறங்கிறோம் எண்ட உணர்வே வராது. 1948 இல வேனிங் மைனஸ் எண்ட ஒல்லாந்துக்காரர் கப்பலில ஈர்ப்பை அளந்துகொண்டு போகேக்கதான் கண்டவர், இப்ப சற்லைற் வச்சுத் துல்லியமா அளக்கினம்.

ஈர்ப்பு குறைஞ்சிருக்கெண்டா கீழ எங்கயோ லேசான, சூடான பொருள் கிடக்கோணும். 2023 இல பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில தேபாஞ்சன் பால், அத்ரேயி கோஷ் ரெண்டு பேரும் 14 கோடி வருசத்துத் தட்டு அசைவைக் கணினியில ஓட்டிப் பாத்து ஒரு விளக்கம் குடுத்தவை. முந்தி இந்தியாவுக்கு வடக்கால இருந்த தெத்திஸ் கடலின்ர தரை மான்ரிலுக்குள்ள தாண்டு அடி வரைக்கும் போய், ஆபிரிக்காவுக்குக் கீழ இருக்கிற சூடான திரளைக் குழப்பி, அதிலயிருந்து கிளம்பின சூடான பாறை எங்கட கடலுக்குக் கீழ வந்திருக்கு எண்டு. அதை அலைப் பதிவு வச்சு இன்னும் உறுதிப்படுத்தோணும், இந்து சமுத்திரத்தில கருவி குறைவு, கடலடியில போட்டாத்தான் வடிவாத் தெரியும். எங்களைப் போல ஆக்கள் செய்ய வேண்டிய வேலை கனக்க இருக்கு.

சுன்னாகம்_அப்பா

உடுத்துறைத் தம்பி, உங்கட எழுத்தை வாசிச்சுப் போட்டு மனிசியும் நானும் கனநேரம் ஒண்டும் கதைக்கேல்ல. ஆறுதல் சொல்ல என்னட்டச் சொல்லில்லை. பல்லேகலைப் பதிவை மகளுக்குக் காட்டினன், அவ போனைத் தரமாட்டன் எண்டுட்டா.

வடலித் தம்பி சொன்ன 500 ஐயும் எழுதி வச்சிட்டா. இப்ப அவவின்ர அடுத்த கேள்வி, இதையும் கேக்கச் சொன்னவ. எஸ் அலை திரவத்துக்குள்ளால போகாது எண்டா வெளிக்கோரோட நிண்டிடும், அப்ப அது உள்கோருக்குப் போகவே ஏலாது. அப்ப உள்கோர் திண்மம் எண்டு எப்பிடித் தெரியும்?

நெல்லியடி_ரீச்சர்

அண்ணா, இந்தக் கேள்வியை ஏ/எல் பிள்ளையளே என்னட்டக் கேட்டதில்லை. அவவிட்டச் சொல்லுங்கோ, ரீச்சர் சரியாச் சந்தோசப்பட்டவ எண்டு.

லேமன் 1936 இல கண்டது உள்ள இன்னொரு கோர் இருக்கு, அதில பி அலை விரைவாப் போகுது எண்டதைத்தான். வெளிக்கோரின்ர அடியில பி அலை செக்கனுக்கு 10.3 கிலோமீற்றர், உள்கோருக்குள்ள போன உடன 11. வேகம் கூடுது, சரி, ஆனா அது மட்டும் திண்மத்துக்குச் சாட்சி இல்லை. இரும்பு அந்த அமுக்கத்தில இறுகித்தான் இருக்கும் எண்டு கன பேர் சொன்னவை, அது நியாயம், அளவில்லை. அளவு வந்தது 1971 இல, லேமன் எழுதி 35 வருசத்துக்குப் பிறகு. அதுவும் உடுத்துறைத் தம்பி சொன்ன அந்த முழுப் பூமி அதிர்வால வந்தது.

அடம் ஜீவொன்ஸ்கியும் ஃபிறீமன் கில்பேர்ட்டும் 1964 அலாஸ்கா பூகம்பத்தின்ர அதிர்வுப் பதிவுகளை எடுத்தவை. பூமி அதிரிறது ஒரே விதமாயில்லை, நூற்றுக்கணக்கான விதம், ஒவ்வொண்டுக்கும் ஒரு நேரம். சிலது மேலோட்டோட நிண்டிடும், சிலது நடு வரைக்கும் போய் உள்கோரையே உருமாத்தும். உள்கோர் திரவமா இருந்தா அந்தச் சில அதிர்வுகளுக்கு ஒரு நேரம் வரோணும், திண்மமா இருந்தா வேற நேரம் வரோணும். ரெண்டையும் கணக்குப் போட்டுப் பாத்தவை, பதிவில வந்தது திண்மத்துக்குரிய நேரம். அப்ப எஸ் அலையே போகாத இடத்தில, எஸ் அலை போனா எப்பிடி இருக்கும் எண்ட விறைப்பை அளந்தாச்சு.

எஸ் அலை உள்கோருக்குப் போறதுக்கும் ஒரு வழி இருக்கு. வெளிக்கோரைக் கடந்து வாற பி அலை உள்கோரின்ர மேல்பக்கத்தில படேக்க அதில ஒரு சின்னப் பங்கு எஸ் ஆ மாறி உள்ளால போகும், அங்கால வெளிக்கிடேக்க திரும்பப் பி ஆ மாறும். கணக்குப்படி இருக்கோணும். ஆனா ரெண்டு தரம் மாறிறதாலயும், உள்கோர் எஸ் அலையை உறிஞ்சிறதாலயும் மேல வரேக்க இரைச்சலுக்குள்ள ஒளிஞ்சு போற அளவு மெல்லிசு. கண்டிட்டம் எண்டு எழுதின ஆய்வுகள் இருக்கு, எல்லாரும் ஒத்துக்கொண்டதா இல்லை. உங்கட மகள் வளர்ந்து வரேக்கயும் அது முடியாமக் கிடக்கலாம், அவவுக்கு விருப்பம் எண்டா எடுத்துச் செய்யலாம்.

பி, எஸ் அலை வாற நேர வரைபு ஒண்டு நான் வகுப்புக்குக் கையால கீறி வச்சிருக்கிறன், இரவைக்குப் படம் எடுத்து இதிலயே போடுறன். ஒரு அடிமட்டமும் பென்சிலும் காணும், பல்லேகலைக் கோட்டில பி வந்த நேரத்துக்கும் எஸ் வந்த நேரத்துக்கும் இடையில எத்தினை செக்கன் எண்டு பாத்து வரைபில வச்சா, பூகம்பம் எவ்வளவு தூரத்தில நடந்தது எண்டு அவவே சொல்லுவா.